ரிக்கற்றைக் கட்டினால் முடிந்ததா?

பள்ளிக்கூடத்தில் நான் அதிகம் புள்ளி எடுத்தவன் அல்ல. கணக்கில் நாற்பதைத் தாண்டினால் அன்று வீட்டில் விசேசம். 2008 இல் வன்னியில் இடம்பெயரத் தொடங்கியபோது பத்தாம் வகுப்போடு படிப்பு நின்றது. கொப்பிகள் எந்த இடத்தில் விடுபட்டுப் போயின என்பதுகூட இப்போது ஞாபகம் இல்லை. அப்படிப்பட்ட நான் புள்ளிகளைப் பற்றி ஒரு கட்டுரை எழுதுகிறேன் என்றால் என்னோடு படித்தவர்கள் சிரிப்பார்கள். ஆனால் இது வேறு புள்ளி. பள்ளிக்கூடத்தில் புள்ளி குறைந்தால் அடி விழும். இந்த நாட்டில் கார் ஓடுபவனுக்குப் புள்ளி கூடினால் அடி விழும். அந்த அடி எனக்கு விழுந்தது. புதிதாக வந்திருக்கும் நம்மவர்களுக்கும் விழக்கூடாது என்பதற்காகவே எழுதுகிறேன். பிழை இருந்தால் பொறுத்துக் கொள்ளுங்கள்.

நான் மொன்றியலில் பார்க் எக்ஸ்ரென்சனில் இருக்கிறேன். வேலை லவாலில், ஒரு பிளாஸ்ரிக் சாமான் செய்யும் பக்ரறியில். காலை ஆறு மணிக்கு சிப்ற் தொடங்கும். மெற்றோ ஓடத் தொடங்குவதே ஐந்தரைக்குப் பிறகுதான். அதைப் பிடித்து, லவாலில் இறங்கி, அங்கே பஸ் எடுத்து, பிறகு நடந்து போனால் ஆறு மணிக்கு மெசினுக்கு முன்னால் நிற்க முடியாது. ஆகவே கார் எனக்கு ஆடம்பரம் அல்ல. அதுதான் எனக்கு வேலை.

ஊரில் நான் மோட்டார் சைக்கிள் மட்டும் ஓடியவன். காரை இங்கேதான் பழகினேன். 2010 ஜனவரியிலிருந்து கியூபெக்கில் புதிதாகப் பழகுபவர்கள் எல்லோரும் சாரதிப் பயிற்சி வகுப்புக்குக் கட்டாயம் போகவேண்டும். நானும் வேலை முடிந்து வந்து, நித்திரை தூங்கித் தூங்கி வகுப்பில் இருந்தேன். 2022 இலையுதிர் காலத்தில் லைசென்ஸ் கிடைத்தது. அன்று மனைவி பாயாசம் காய்ச்சினாள். பிள்ளையைக் கூட்டிக்கொண்டு டொலார் டே ஓர்மோ முருகன் கோவிலுக்குப் போய்க் காருக்குப் பூசையும் செய்தோம். எலுமிச்சம்பழம் நசித்துத்தான் முதல் ஓட்டம்.

ஆனால் ஒரு விசயத்தை நான் கவனிக்கவில்லை. கையில் கிடைத்தது முழு லைசென்ஸ் அல்ல. அது 'பேர்மி புரோபத்துவார்', அதாவது இரண்டு வருடம் பார்த்துவிட்டுத்தான் முழு லைசென்ஸ் தருவோம் என்ற தவணை லைசென்ஸ். வகுப்பில் நிச்சயம் சொல்லியிருப்பார்கள். அந்த நேரம் நான் தூங்கியிருப்பேன்.

முதல் ரிக்கற் 2023 மே மாதம். வீட்டிலிருந்து இரண்டு தெரு தள்ளி ஒரு ஸ்ரொப் சைன். கார் முழுதாக நிற்கவில்லை, மெல்ல உருண்டு போய்விட்டது. பின்னால் வெளிச்சம் அடித்தது.

பொலிஸ்காரர் மரியாதையாகத்தான் கதைத்தார். ஆனால் சீருடையைக் கண்டதும் என் கை நடுங்கத் தொடங்கிவிட்டது. சோதனைச் சாவடிகளில் வரிசையில் நின்ற உடம்பு இது. அதற்கு இது மொன்றியல், அது வன்னி என்ற வித்தியாசம் தெரியாது. லைசென்ஸைக் கேட்ட மனிதரிடம் லைசென்ஸ், குடிவரவுக் கடதாசி, மெடிக்கல் கார்ட், பக்ரறி அடையாள அட்டை எல்லாவற்றையும் எடுத்து நீட்டினேன். அவர் லைசென்ஸையும் கார்க் கடதாசிகளையும் மட்டும் வாங்கிக்கொண்டு மற்றவற்றைத் திருப்பித் தந்தார்.

அன்றிரவே காசைக் கட்டிவிட்டேன். இருநூறு டொலருக்குக் கிட்ட. மனைவி "ஒருக்கா ஆரிட்டையாவது காட்டிக் கேட்டுப்போட்டுக் கட்டுங்கோவன்" என்றாள். "பொலிஸோடை ஏன் வில்லங்கம்? காசைக் கட்டினால் முடிஞ்சுது" என்றேன்.

இப்படி நினைத்ததற்குக் காரணம் உண்டு. ஊரில் வீதிப் பொலிஸ் பிடித்தால் லைசென்ஸை வாங்கி வைத்துக்கொண்டு ஒரு துண்டு தருவான். தபால் கந்தோரில் தண்டத்தைக் கட்டி, ரசீதைப் பொலிஸ் ஸ்ரேசனில் காட்டினால் லைசென்ஸ் திரும்பி வரும். கதை அதோடு முடிந்தது. இங்கே லைசென்ஸ் நம் கையிலேயே இருக்கும், அதைப் பார்த்து நாம் நிம்மதி அடைவோம். ஆனால் காசைக் கட்டும்போதுதான் கதை தொடங்குகிறது.

இரண்டாவது ரிக்கற் அதே வருடம் ஒக்ரோபரில். லவாலில் சிவப்பு விளக்கு எரியும்போதும், முழுதாக நின்று பார்த்துவிட்டு வலது பக்கம் திரும்பலாம். கூடாது என்று பலகை போட்ட சந்திகளில் மட்டும்தான் தடை. 2003 ஏப்ரலிலிருந்து கியூபெக் முழுவதும் இதுதான் சட்டம். ஆனால் மொன்றியல் தீவுக்கு அது இல்லை. இந்தத் தீவுக்குள் சிவப்பில் வலது பக்கம் திரும்பவே கூடாது. பாலம் தாண்டி வரும் இடங்களில் பலகையும் போட்டிருக்கிறார்கள். நான் நாள் முழுக்க லவாலில் திரும்பிப் பழகிய ஆள். வேலை முடிந்து பொன் வியோ பாலத்தால் வந்து, ஆன்றி பூராசா சந்தியில் நின்றேன், பார்த்தேன், திரும்பினேன். சரியாகத்தான் செய்கிறேன் என்ற நினைப்பில்தான் திரும்பினேன். ஆற்றுக்கு அந்தப் பக்கம் சரி, இந்தப் பக்கம் குற்றம்.

அதையும் அடுத்த நாளே கட்டினேன்.

மார்கழி மாதம் ஒரு கடிதம் வந்தது. பிரெஞ்சில் இருந்தது. வழமைபோல் மேசை லாச்சிக்குள் வைத்துவிட்டேன். நம் வீடுகளில் அப்படி ஒரு லாச்சி இருக்கும், உங்களுக்கும் தெரியும். ஒரு ஞாயிற்றுக்கிழமை, நாலாம் வகுப்புப் படிக்கும் மகள்தான் அதை எடுத்து வாசித்தாள்.

"அப்பா, இதிலை 'புவான் தினாப்ரித்யூட்' எண்டு கிடக்கு. இனாப்ரித்யூட் எண்டால் தகுதி இல்லை எண்டு அர்த்தம்."

"ஆருக்குத் தகுதி இல்லையாம்?"

"உங்களுக்கு."

ஜனவரியிலிருந்து மூன்று மாதம் என் லைசென்ஸ் நிறுத்தப்படுகிறது என்று அதில் இருந்தது. நான் நம்பவில்லை. காசைத்தான் கட்டிவிட்டேனே!

எங்கள் பக்ரறியில் இருபது வருடத்துக்கு மேலாக வேலை செய்யும் ஒரு அண்ணை இருக்கிறார். கடிதத்தை அவரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். மதியச் சாப்பாட்டு நேரத்தில் சோற்றுப் பெட்டியை ஒரு பக்கம் தள்ளி வைத்துவிட்டு, அவர் ஒரு கடதாசியில் கீறிக் காட்டினார். அவர் சொன்னதையும், பிறகு நான் விசாரித்துத் தெரிந்துகொண்டதையும் சேர்த்துத் தருகிறேன்.

கியூபெக்கில் லைசென்ஸ் கொடுப்பது எஸ்.ஏ.ஏ.கியூ. என்ற மாகாண நிறுவனம். நாம் ஒவ்வொருவரும் அங்கே ஒரு கணக்கு வைத்திருக்கிறோம். வங்கிக் கணக்கு வெறுமையாக இருந்தால் கவலை. இந்தக் கணக்கு வெறுமையாக இருந்தால்தான் நல்லது. சில குற்றங்களுக்குத் தண்டக் காசோடு புள்ளியும் உண்டு. எங்களுக்கு அடிக்கடி நடக்கக்கூடியவை இவை:

வேக எல்லைக்கு மேல் 11 முதல் 20 கிலோமீற்றர்: 1 புள்ளி.
21 முதல் 30 வரை: 2 புள்ளி.
31 முதல் 45 வரை: 3 புள்ளி. அதற்கு மேலே போகப் போக இன்னும் கூடும்.
ஸ்ரொப் சைனில் முழுதாக நிற்காவிட்டால்: 3 புள்ளி.
சிவப்பு விளக்கை மதிக்காவிட்டால்: 3 புள்ளி.
சீற் பெல்ற் போடாவிட்டால்: 3 புள்ளி.
ஓடும்போது கையில் ரெலிபோன்: 5 புள்ளி.
மஞ்சள் பள்ளிக்கூட பஸ் சிவப்பு விளக்கை மின்னிக்கொண்டு நிற்கும்போது நிற்காமல் போனால்: 9 புள்ளி.

இனி, எத்தனை புள்ளி வந்தால் லைசென்ஸ் போகும்? இங்கேதான் நான் விழுந்தேன். முழு லைசென்ஸ் உள்ளவருக்கு, 25 வயதும் அதற்கு மேலும் என்றால் 15 புள்ளி. 23, 24 வயது என்றால் 12. 23 வயதுக்குக் கீழே 8. ஆனால் பழகுபவருக்கும், என்னைப்போல் தவணை லைசென்ஸ் வைத்திருப்பவருக்கும் 4 புள்ளிதான். தலை நரைத்தவராக இருந்தாலும் 4 தான். எனக்கு ஸ்ரொப்புக்கு மூன்று, சிவப்புக்கு மூன்று, மொத்தம் ஆறு.

அந்தப் பட்டியலை இன்னொரு முறை பாருங்கள். தவணை லைசென்ஸ் உள்ளவர் கையில் ரெலிபோனோடு ஒரே ஒரு தடவை பிடிபட்டால் போதும், லைசென்ஸ் போய்விடும். பள்ளிக்கூட பஸ்ஸும் அப்படித்தான். அந்த பஸ் நமக்கு எதிரே வந்து நின்றாலும் நாமும் நிற்கவேண்டும், அதுவும் ஐந்து மீற்றருக்கு மேல் தள்ளி. நடுவில் திட்டு கட்டிப் பிரித்த வீதி என்றால் மட்டும் எதிர்ப்பக்கத்தார் போகலாம். முதல் தடவை என்றால் மூன்று மாதம். இரண்டு வருடத்துக்குள் மறுபடியும் நடந்தால் ஆறு மாதம். முழு லைசென்ஸ் உள்ளவர் எல்லையைத் தொட்டால் லைசென்ஸே ரத்து. தவணை முடிந்ததும் எழுத்துப் பரீட்சை எழுதித்தான் புதிதாக எடுக்கவேண்டும்.

புள்ளி எப்போது கணக்கில் ஏறும்? பொலிஸ் பிடித்த அன்று அல்ல. நாம் குற்றத்தை ஒப்புக்கொள்ளும்போது, அல்லது நீதிமன்றம் குற்றவாளி என்று சொல்லும்போது. ரிக்கற்றில் இரண்டு பெட்டி இருக்கும். 'கூப்பாப்ள்' என்றால் குற்றவாளி, 'நோன் கூப்பாப்ள்' என்றால் குற்றவாளி அல்ல. பதில் சொல்ல 30 நாள் அவகாசம் உண்டு. பெட்டியில் அடையாளம் போடாமல் காசை மட்டும் கட்டினாலும் குற்றவாளி என்று ஒப்புக்கொண்டதாகத்தான் அர்த்தம். பொலிஸுக்குப் பயந்து அன்றிரவே காசைக் கட்டிய நான், என்ன செய்கிறேன் என்று தெரியாமலே இரண்டு தடவை என் கையால் குற்றத்தை ஒப்புக்கொண்டு கையெழுத்து வைத்திருக்கிறேன். ஒன்றும் செய்யாமல் லாச்சிக்குள் வைத்தால் தப்பலாம் என்றும் நினைக்காதீர்கள். நாம் இல்லாமலே தீர்ப்பு வரும், செலவும் கூடும்.

எல்லா ரிக்கற்றையும் எதிர்த்து வழக்காடுங்கள் என்று நான் சொல்லவரவில்லை. நான் இரண்டு தடவையும் பிழைதான் செய்தேன். பொய் சொல்லத் தேவையில்லை. ஆனால் உண்மையாகவே செய்யாத குற்றத்துக்கு நீதிமன்றம் என்ற சொல்லுக்குப் பயந்து காசு கட்டவும் தேவையில்லை. மொழி விளங்காதவருக்கு நீதிமன்றத்தில் மொழிபெயர்ப்பாளர் உதவி பெறும் உரிமை கனடாவின் உரிமைச் சாசனத்திலேயே, 14 ஆம் பிரிவில் இருக்கிறது. கேட்டு வாங்கலாம்.

அண்ணையிடம் நான் கேட்ட முதல் கேள்வி, "இது எங்கடை குடியுரிமை விண்ணப்பத்திலை கேஸாகப் போகுமோ?" என்பதுதான். பல இரவு நித்திரை இல்லாமல் இருந்தது அதற்குத்தான். இந்த ரிக்கற்றுகள் மாகாண வீதிச் சட்டத்தில் வருபவை. இவற்றால் குற்றப் பதிவு வராது. ஆனால் குடித்துவிட்டு ஓடுவது அப்படி அல்ல. அது மத்திய அரசின் குற்றவியல் சட்டம். 2018 டிசம்பரில் அதற்கான உச்சத் தண்டனையை 5 வருடத்திலிருந்து 10 வருடமாகக் கூட்டிவிட்டார்கள். அதனால் குடிவரவுச் சட்டத்தில் அது பாரதூரமான குற்றமாகிவிட்டது. நிரந்தர வதிவிடம் கிடைத்தவரைக்கூட நாட்டைவிட்டு அனுப்பும் நிலை வரலாம். ஒரு கலியாண வீட்டுப் பியர் அதுக்குப் பெறுமதியோ என்று அண்ணை கேட்டார். தவணை லைசென்ஸ் உள்ளவர் ஒரு சொட்டும் குடிக்காமல்தான் ஓடவேண்டும், சட்டமே அப்படித்தான்.

வெளிநாடுகளில் சிதறிக் கிடக்கும் நம் உறவுகளுக்கும் இந்தப் புள்ளிக் கதை உண்டு. பாரிஸில் இருக்கும் மச்சானிடம் ரெலிபோனில் சொன்னபோது, "எங்களுக்கு 12 புள்ளி கையிலை தருவாங்கள், பிழை விட விட வெட்டுவாங்கள்" என்றான். பிரான்சில் 1992 இலிருந்து அப்படித்தான். லண்டனில் மூன்று வருடத்துக்குள் 12 புள்ளி சேர்ந்தால் தடை, புதிதாக எடுத்தவருக்கு இரண்டு வருடத்துக்குள் 6. ஜேர்மனியில் 2014 இலிருந்து 8. எங்கே போனாலும் புதியவனுக்குத்தான் கயிறு கட்டை.

ரொறன்ரோவுக்கு 401 இல் பறந்து போகிறவர்கள் ஒன்றைக் கவனியுங்கள். ஒன்ராறியோவோடு கியூபெக்குக்கு உடன்படிக்கை இருக்கிறது. அங்கே வாங்கிய வேக ரிக்கற்றின் புள்ளி இங்கே நம் கணக்குக்கு வந்து சேரும். நியூயோர்க், மெயின் மாநிலங்களோடும் அப்படியே. ஆனால் கமரா படம் பிடித்து வீட்டுக்கு வரும் ரிக்கற்றுக்கும், பார்க்கிங் ரிக்கற்றுக்கும் புள்ளி இல்லை, காசு மட்டும்தான்.

இனி என் மூன்று மாதத்துக்கு வருகிறேன்.

என் காரில் காலையில் நான் மட்டும் போகவில்லை. மூன்று பேர் என்னோடு வந்தார்கள், பெற்றோல் காசில் பங்கு தருவார்கள். இரண்டு இளம் பொடியள் வேறு காரில் இடம் பிடித்துவிட்டார்கள். மூன்றாவது ஆள் ஒரு அக்கா, ஐம்பது வயது தாண்டியவர், கணவர் இல்லை. அவருக்கு ஆறு மணிக்கு வந்து சேர வழி கிடைக்கவில்லை. இரண்டு கிழமை பிந்திப் பிந்தி வந்தார். பிறகு வேலையை விட்டு, சபனெல் தெருவில் குறைந்த சம்பளத்துக்கு ஒரு தையல் வேலைக்குப் போனார். என்னை ஒரு சொல் பேசவில்லை. பேசியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

என்னை மேற்பார்வையாளர் பின்னேர சிப்ற்றுக்கு மாற்றினார். வேலை போகாமல் தப்பியது அவரால்தான். ஆனால் பிள்ளை பள்ளிக்கூடத்தால் வரும்போது நான் வேலைக்குப் போயிருப்பேன். நான் கடைசி மெற்றோவில் வரும்போது அவள் நித்திரை. மூன்று மாதம் என் பிள்ளையை நித்திரையில்தான் பார்த்தேன்.

மாசி மாதத்தில் ஒரு ஞாயிறு இரவு அவளுக்குக் கடும் காய்ச்சல். வெளியே பனி கொட்டுகிறது. கார் கீழே நிற்கிறது, திறப்பு கதவடியில் தொங்குகிறது. சேன்ற் ஜூஸ்ரின் ஆஸ்பத்திரி காரில் போனால் கிட்டத்தான். 'இந்த நேரத்தில் எந்தப் பொலிஸ் நிற்கப் போகிறான்?' என்று நானே எனக்குச் சொல்லிக்கொண்டு, கீழே இறங்கிப் பனியை வழித்து, எஞ்சினையும் ஸ்ராட் பண்ணிவிட்டேன். மனைவி பிள்ளையைப் போர்த்துத் தூக்கிக்கொண்டு வந்து வாசலில் நின்றாள். காரில் ஏறவில்லை.

"பனியிலை இடிச்சால் என்ன சொல்லுவியள்? பிடிச்சால் காரையும் கொண்டுபோயிடுவாங்கள். பிறகு என்னத்திலை வேலைக்குப் போறது? ராக்சிக்கு அடியுங்கோ."

அவள் சொன்னது சரி. லைசென்ஸ் நிறுத்தியிருக்கும்போது ஓடிப் பிடிபட்டால் காரை அந்த இடத்திலேயே இழுத்துக்கொண்டு போய் 30 நாள் வைத்திருப்பார்கள். இழுத்த செலவும் வைத்திருந்த செலவும் நம் தலையில், தண்டம் வேறு. எஞ்சினை நிற்பாட்டினேன். ராக்சி வர இருபது நிமிடம். அந்த இருபது நிமிடமும் பிள்ளையின் சூடு என் தோளில் இருந்தது. விடியப்புறம் காய்ச்சல் இறங்கியது. அன்று நான் ஓடியிருந்தால் ஒன்றும் நடக்காமலும் போயிருக்கலாம். ஆனால் அன்று ஓடியவன் அடுத்த நாளும் ஓடியிருப்பான் என்பது எனக்குத் தெரியும்.

2024 ஏப்ரலில் லைசென்ஸ் திரும்பி வந்தது. கரைச்சல் அதோடு தீரவில்லை. காப்புறுதிக் கொம்பனிக்காரர் லைசென்ஸ் நிறுத்தப்பட்டதுண்டா என்று கேட்பார்கள். இல்லை என்று பொய் சொன்னால் விபத்து நடக்கும் நாளில் அகப்படுவோம். லைசென்ஸுக்குக் கட்டும் காசும் புள்ளிக்கு ஏற்றபடி கூடும்.

ஆனால் ஒரு நல்ல விசயமும் உண்டு. புள்ளி ஆயுளுக்கும் நிற்பதில்லை. காசு கட்டிய நாளிலிருந்து, அல்லது தீர்ப்பு வந்த நாளிலிருந்து இரண்டு வருடத்தில் கணக்கிலிருந்து நீங்கிவிடும். என் இரண்டு ரிக்கற்றுக்கும் அந்த இரண்டு வருடம் கழிந்துவிட்டது. மகளிடம் சொன்னேன், "அப்பாவின்ரை கணக்கிலை இப்ப எத்தினை புள்ளி தெரியுமோ? சீரோ." அவள் கை தட்டினாள். சீரோ எடுத்ததற்கு என் வாழ்க்கையில் முதல் தடவையாகக் கை தட்டு வாங்கினேன்.

புதிதாக வந்த உறவுகளே, நான் சொல்லக்கூடியது இவ்வளவுதான். உங்கள் லைசென்ஸை எடுத்து அது முழு லைசென்ஸா, தவணை லைசென்ஸா என்று இன்றைக்கே பாருங்கள். ஸ்ரொப் சைனில் சில்லு முழுதாக நின்ற பிறகு எடுங்கள். பாலம் தாண்டித் தீவுக்குள் வந்தால் சிவப்பில் திரும்பாதீர்கள். ரிக்கற் வந்தால் காசு கட்ட முதல் எத்தனை புள்ளி என்று கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள், 30 நாள் இருக்கிறது, அவசரம் இல்லை. அரசாங்கக் கடிதத்தை லாச்சிக்குள் வைக்காதீர்கள். பிரெஞ்சு தெரியாவிட்டால் தெரிந்தவரிடம் அன்றைக்கே காட்டுங்கள், வெட்கப்படவேண்டாம்.

அந்த அக்காவைப் போன கிழமை ஜோன் தலோன் தெருவில் மரக்கறிக் கடையில் கண்டேன். "தம்பி, கார் ஓடுறியோ?" என்று கேட்டார். ஓம் என்றேன். "கவனமா ஓடு, பிள்ளை" என்றார். அவருடைய இரண்டு பைகளையும் வாங்கிக் காரில் வைத்து, வீட்டு வாசல் வரை கொண்டுபோய் விட்டேன். வழியில் இருந்த ஸ்ரொப் சைன் ஒவ்வொன்றிலும் முழுதாக நின்றேன்.